அமெரிக்க விசா போட்டோ: ஒரே முறையில் சரியாக எடுக்க முழுமையான வழிகாட்டி

விசா விண்ணப்பம் என்றதும் சம்பளச் சீட்டு, வங்கிக் கணக்கு, கல்லூரியிலிருந்து வந்த ஐ-20 (மாணவர் விசாவுக்கான சேர்க்கைச் சான்று) என்று எல்லாவற்றையும் திரும்பத் திரும்பச் சரிபார்க்கிறோம். போட்டோ மட்டும் கடைசி நேரத்து வேலையாகிவிடுகிறது. டிஎஸ்-160 படிவத்தில் (தற்காலிகமாகப் போகிறவர்கள் இணையத்தில் நிரப்பும் அமெரிக்க விசா விண்ணப்பம்) படத்தை ஏற்றும் பக்கம் ஏறக்குறைய முடிவில்தான் வரும், அதற்குள் பாதிப் பேருக்குப் பொறுமை போயிருக்கும், போனில் கிடக்கும் ஏதோ ஒரு படத்தை வெட்டி ஏற்றிவிட்டால் போதும் என்று தோன்றும். படிவத்தைத் திறப்பதற்கு முந்தைய நாளே படத்தை எடுத்து, வெட்டி, அளந்து தயாராக வைத்துக்கொள்ளுங்கள். ஒரு மணி நேர வேலைதான்.

தொடங்கும் முன் ஒன்றை மனதில் வைத்துக்கொள்ளுங்கள். இந்தப் படத்தை அளக்கிறார்கள். தலை எவ்வளவு உயரம், கண் எந்த இடத்தில் இருக்கிறது, முகத்தில் நிழல் உண்டா என்று பார்க்கிறார்கள், அப்புறம் முகத்தை அடையாளம் காணும் மென்பொருளில் ஓட்டிப் பழைய படங்களோடு ஒப்பிடுகிறார்கள். நம் கல்யாண ஆல்பத்துக்கு எது நல்ல படமோ அது இங்கே கெட்ட படமாகிவிடலாம். எடுக்கும்போதே சரியாக எடுங்கள், பிறகு கம்ப்யூட்டரில் பார்த்துக்கொள்ளலாம் என்று எதையும் தள்ளிப்போடாதீர்கள், ஏனென்றால் தோற்றத்தை மாற்றும் எந்தத் திருத்தமும் விதிப்படி கூடாது.

அளவில்தான் முதல் சறுக்கல்

ஸ்டூடியோவில் போய் "பாஸ்போர்ட் சைஸ்" என்று கேட்டால் நம் ஊரில் 35க்கு 45 மில்லிமீட்டர் படம்தான் கையில் வரும். அமெரிக்காவுக்கு அது ஆகாது. அவர்களுக்குச் சதுரம் வேண்டும்: 2க்கு 2 அங்குலம், அதாவது 51க்கு 51 மில்லிமீட்டர். அந்தச் சதுரத்துக்குள் உச்சந்தலையிலிருந்து (முடியையும் சேர்த்து) தாடையின் அடிவரை 25 முதல் 35 மில்லிமீட்டர் இருக்க வேண்டும், படத்தின் உயரத்தில் 50 முதல் 69 சதவீதம். கண்கள் படத்தின் அடிவிளிம்பிலிருந்து 56 முதல் 69 சதவீத உயரத்துக்குள் வர வேண்டும். 35க்கு 45 படத்தை இரண்டு பக்கமும் இழுத்துச் சதுரமாக்குகிறவர்கள் இருக்கிறார்கள், முகம் அகலமாகிவிடும், பார்த்தவுடனே தெரியும், செய்யாதீர்கள்.

கம்ப்யூட்டரில் ஏற்றும் படம் என்றால்: சதுரம், குறைந்தது 600க்கு 600 பிக்சல், அதிகபட்சம் 1200க்கு 1200, வண்ணப்படம், ஜேபெக் கோப்பு, 240 கிலோபைட்டுக்கு மேல் போகக் கூடாது. பின்னணி வெள்ளை அல்லது வெள்ளையை ஒட்டிய நிறம். கடந்த 6 மாதத்துக்குள் எடுத்ததாக இருக்க வேண்டும், இதில் சலுகை கிடையாது. பாஸ்போர்ட்டில் இருக்கும் அதே சட்டை, அதே தலைவாரலோடு ஒரு படத்தைக் கொடுத்துவிட்டு இது புதுசு என்றால் எதிரே இருப்பவருக்குக் கண் இல்லையா?

இலங்கை வாசகர்களுக்கு ஒரு வார்த்தை. கடவுச்சீட்டுக்காகப் பதிவுபெற்ற ஸ்டூடியோவில் எடுத்த படத்தை அமெரிக்க விண்ணப்பத்துக்கும் பயன்படுத்த முடியாது. ஸ்டூடியோ எவ்வளவு நல்லதாக இருந்தாலும் அளவும் சட்டகமும் வேறு. அமெரிக்காவில் நிரந்தரமாகக் குடியேறும் வாய்ப்பைக் குலுக்கல் முறையில் தரும் கிரீன் கார்டு குலுக்கலுக்கு இந்தியாவில் பிறந்தவர்கள் விண்ணப்பிக்க முடியாது, இலங்கையில் பிறந்தவர்களுக்கு அந்த வாய்ப்பு இருந்துவந்திருக்கிறது, அதனால் இது உங்களுக்கு இன்னும் முக்கியம். பதிவு நடக்கும் ஆண்டுகளில் போன வருடம் கொடுத்த அதே படத்தை மறுபடி ஏற்றினால் அந்த ஒரு காரணமே தகுதி இழக்கப் போதும். கணவன் அல்லது மனைவிக்கும், 21 வயதுக்குக் கீழுள்ள மணமாகாத பிள்ளைகள் ஒவ்வொருவருக்கும் தனித்தனிப் படம் வேண்டும். குடும்பப் படம் ஒன்றை எடுத்து எல்லோருக்கும் வைக்க முடியாது.

ஸ்டூடியோவா, வீடா?

இரண்டுமே சரி. அமெரிக்க விசாவுக்கு வீட்டில் போனில் எடுத்த படத்தையும் ஏற்கிறார்கள், விதிக்குள் இருந்தால் போதும். ஸ்டூடியோவின் வசதி என்னவென்றால் விளக்கும் பின்னணியும் தயாராக இருக்கும். ஆனால் அங்கே ஒரு பெரிய ஆபத்து இருக்கிறது, அதைக் கொஞ்சம் விரிவாகவே சொல்ல வேண்டும்.

நம் ஊர் ஸ்டூடியோக்களில் யாரும் கேட்காமலேயே டச்சப் செய்வது பழக்கம். முகத்தை மழமழவென்று ஆக்குவார்கள், பரு, தழும்பு, மச்சம் எல்லாம் போய்விடும், கண்ணுக்குக் கீழே இருக்கும் கருவளையம் போய்விடும், எல்லாவற்றுக்கும் மேலாக நிறத்தை இரண்டு படி ஏற்றிக் கொடுப்பார்கள். வாடிக்கையாளர் சந்தோஷப்படுவார் என்று நினைத்துச் செய்வதுதான், அவர்களிடம் கெட்ட எண்ணம் இல்லை. ஆனால் விமான நிலையத்தில் நிற்கப்போவது உங்கள் முகம், உங்கள் நிறம், உங்கள் தழும்பு. கறுப்பாக இருக்கிறோம் என்பதற்காக எந்த விசாவும் மறுக்கப்படுவதில்லை, படத்தை வெளுக்கவைத்தால்தான் சிக்கல். ஆகவே நாற்காலியில் உட்காரும் முன்பே தெளிவாகச் சொல்லிவிடுங்கள்: "அண்ணா, அமெரிக்கா விசாவுக்கு, 2க்கு 2, வெள்ளை பேக்ரவுண்டு, டச்சப் எதுவுமே வேண்டாம், கலர் ஏத்தாதீங்க, பிரிண்ட்டோட ஒரிஜினல் ஃபைலும் வேணும்." பின்னணியை வெட்டி எடுத்து வெள்ளையை ஒட்டுவதும் வேண்டாம், உண்மையான வெள்ளைத் திரைக்கு முன்னால் எடுக்கச் சொல்லுங்கள். வெட்டி ஒட்டினால் காதின் ஓரமும் முடியின் ஓரமும் கத்தரித்தது போலத் தெரியும்.

கோப்பை வாட்ஸப்பில் வாங்கினால் டாக்குமென்ட்டாக அனுப்பச் சொல்லுங்கள். சாதாரணமாகப் படமாக அனுப்பினால் அது சுருக்கி அனுப்பிவிடும், தரம் போய்விடும்.

உடை, கண்ணாடி, பொட்டு, பூ

மூக்குக்கண்ணாடி கூடாது. 2016 நவம்பர் 1 முதல் இதுதான் விதி. அண்மையில் கண் அறுவை சிகிச்சை நடந்து கழற்றவே முடியாது என்ற நிலை இருந்தால் மட்டும் மருத்துவர் கையொப்பமிட்ட கடிதத்தோடு விலக்கு உண்டு. தினமும் கண்ணாடி போடுகிறவர்கள் எடுப்பதற்குப் பத்து நிமிடம் முன்பே கழற்றிவைத்தால் மூக்கின் மேல் பதிந்த தடம் கொஞ்சம் மறையும்.

வெள்ளைச் சட்டை போட்டால் பின்னணியோடு கரைந்து தலை மட்டும் மிதப்பது போலத் தெரியும். நீலம், மெரூன், பச்சை, எதுவானாலும் அழுத்தமான நிறமாகப் போடுங்கள். அன்றாடம் உடுத்தும் உடை போதும். சீருடை கூடாது. கழுத்தை மூடும் துப்பட்டாவைத் தாடைக்குக் கீழே இறக்கிவிடுங்கள், தாடையின் அடிக்கோடு தெரிந்தால்தான் அளக்க முடியும்.

மூக்குத்தி, கம்மல், தாலிச் செயின் எதையும் கழற்ற வேண்டியதில்லை, முகத்தை மறைக்காதவரை நகைக்குத் தடை இல்லை. சிறிய பொட்டு வைத்துக்கொள்கிறவர்கள் வைத்துக்கொள்ளலாம். நெற்றி முழுக்கப் பட்டையாகத் திருநீறு, பெரிய நாமம் என்றால் அன்றைக்கு மட்டும் துடைத்துவிட்டு எடுங்கள் என்பதுதான் என் கருத்து: நெற்றியும் முகத்தின் ஒரு பகுதி, வெள்ளைத் திருநீறு வெளிச்சத்தில் பளிச்சிட்டு அடியில் இருப்பதை மறைத்துவிடும். தலையில் வைக்கும் மல்லிகைச் சரம் பக்கவாட்டில் தெரியாமல் இருக்கட்டும். உச்சிக் கொண்டை வேண்டவே வேண்டாம், முடியையும் சேர்த்துத்தான் தலையின் உயரத்தை அளக்கிறார்கள், கொண்டையால் கணக்கு மாறி முகம் சிறுத்துப்போகும்.

மத வழக்கப்படி தினமும் தலையை மூடுகிறவர்கள் ஹிஜாபோடும் தலைப்பாகையோடும் எடுக்கலாம். முழு முகமும் தெரிய வேண்டும், துணியின் நிழல் நெற்றியிலோ கன்னத்திலோ விழக் கூடாது. ஒரே நிறத் துணி நல்லது. வழக்கமான தொப்பி, காதில் மாட்டும் இயர்போன் எல்லாம் கூடாது. காது கேட்கும் கருவியைத் தினமும் அணிகிறவர்கள் அதைக் கழற்ற வேண்டியதில்லை.

வெளிச்சம்

வீட்டில் எடுக்கும்போது இங்கேதான் நேரம் செலவழிக்க வேண்டும், மற்றதெல்லாம் ஐந்து நிமிடம். நேர் வெயில் விழாத பெரிய ஜன்னலைத் தேர்ந்தெடுங்கள். காலை ஒன்பதிலிருந்து பதினொன்றுக்குள் எடுத்தால் வெளிச்சம் மென்மையாக இருக்கும். ஜன்னலைப் பார்த்து உட்கார வேண்டும், பக்கவாட்டில் ஜன்னல் இருந்தால் ஒரு கன்னம் வெளுத்து மறு கன்னம் இருட்டாகும். எடுப்பவர் ஜன்னலுக்கு முதுகு காட்டி நிற்பார், அவருடைய நிழல் உங்கள் மேல் விழாதபடி சற்றே ஓரமாக நிற்கச் சொல்லுங்கள். அறையில் எரியும் குண்டு பல்பையும் ட்யூப்லைட்டையும் அணைத்துவிடுங்கள், ஜன்னல் வெளிச்சத்தோடு அவை கலந்தால் முகம் ஒரு பக்கம் மஞ்சளடிக்கும். ஃப்ளாஷ் வேண்டாம்.

நம் வீட்டுச் சுவர்கள் பச்சை, ரோஸ், ஆரஞ்சு என்று இருக்கும், அந்த நிறம் கன்னத்தில் பிரதிபலிக்கும். வெள்ளைச் சுவர் இல்லையென்றால் இஸ்திரி போட்ட வெள்ளைப் பெட்ஷீட் ஒன்றைச் சுருக்கமில்லாமல் இழுத்துக் கட்டுங்கள். வேட்டியும் ஆகும், கரை மட்டும் சட்டகத்துக்குள் வரக் கூடாது. சார்ட் பேப்பர் ஒன்று போதாது, இரண்டை ஒட்டினால் இணைப்புக் கோடு தெரியும், ஆகவே துணிதான் வசதி. அந்தத் திரையிலிருந்து இரண்டு மூன்று அடி முன்னால் தள்ளி உட்காருங்கள். ஒட்டி உட்கார்ந்தால் தலைக்குப் பின்னால் நிழல் விழும். வீட்டில் எடுக்கும் படங்களில் நான் அடிக்கடி பார்க்கும் குறை இந்த நிழல்தான்.

தாடைக்குக் கீழே இருட்டாக இருக்கிறதா? மடியில் ஒரு வெள்ளைத் துண்டையோ தெர்மாகோல் அட்டையையோ வைத்துக்கொள்ளுங்கள், வெளிச்சம் கீழிருந்து மேலே எழும்பி அந்த இருட்டைப் போக்கிவிடும். நெற்றியிலும் மூக்கிலும் எண்ணெய் மினுமினுத்தால் டிஷ்யூவால் ஒற்றி எடுங்கள்.

இன்னொன்று, நம் நிறத்துக்காரர்கள் கட்டாயம் கவனிக்க வேண்டியது. பின்னால் வெள்ளை நிறைய இருந்தால் போன் கேமரா மொத்தக் காட்சியும் ரொம்ப வெளிச்சம் என்று எண்ணிக்கொண்டு எல்லாவற்றையும் இருட்டாக்கும், முகம் இருக்கிறதைவிடக் கறுத்து, கண்ணும் புருவமும் சேர்ந்து ஒரே திட்டாகிவிடும். திரையில் முகத்தைத் தொட்டு, பக்கத்தில் வரும் சூரியக் குறியைக் கொஞ்சம் மேலே நகர்த்துங்கள். தோலின் உண்மையான நிறம் தெரியும்வரை, அதற்கு மேல் வேண்டாம். எடுத்த பிறகு வெளுக்கவைப்பதும் எடுக்கும்போது வெளிச்சத்தைச் சரியாக வைப்பதும் முற்றிலும் வேறு வேறு வேலைகள், இரண்டாவதுதான் நமக்கு வேண்டியது.

கேமரா

செல்ஃபி எடுக்காதீர்கள். கை நீளத்துக்குள் எடுத்தால் மூக்கு பெரிதாகவும் காது பின்னால் ஒளிந்தும் தெரியும், முக அளவுகளே மாறிவிடும். சில போன்கள் செல்ஃபியை இடவலமாகப் புரட்டிச் சேமிக்கும், அப்போது வலது கன்னத்து மச்சம் இடது கன்னத்துக்குப் போய்விடும். வேறொருவரை எடுக்கச் சொல்லுங்கள். பின்பக்கக் கேமரா, குறைந்தது நான்கு அடி தூரம், முடிந்தால் ஐந்தாறு அடி தள்ளி நின்று 2 மடங்கு ஜூம். கேமரா உங்கள் கண்ணின் உயரத்துக்கு வர வேண்டும், எடுப்பவர் நின்றுகொண்டும் நீங்கள் உட்கார்ந்துகொண்டும் இருந்தால் அவர் குனிந்தே ஆக வேண்டும்.

பல போன்களில் பியூட்டி மோடு வாங்கும்போதே ஆனில் இருக்கும். அமைப்புக்குள் போய்ப் பார்த்து அணைத்துவிடுங்கள். போர்ட்ரெய்ட் மோடும் வேண்டாம், அது காதையும் முடி ஓரத்தையும் மங்கலாக்கும். ஐபோன் என்றால் கேமரா அமைப்பில் ஃபார்மட்ஸ் என்ற இடத்தில் "மோஸ்ட் கம்பேட்டிபிள்" என்று வையுங்கள், இல்லையென்றால் ஹெயிக் (HEIC) என்ற வேறு வகைக் கோப்பாகச் சேமிக்கும், படிவம் அதை வாங்காது.

உட்காரும் விதம்: நேராக, தோள் இரண்டும் ஒரே மட்டம், முகம் கேமராவுக்கு நேரே, இரண்டு கண்ணும் திறந்து, வாய் மூடி. நெற்றியில் விழும் முடியை ஒதுக்கிவிடுங்கள். சிரிப்பு வேண்டாம், ஆனால் முறைக்கவும் வேண்டாம், சும்மா பேருந்துக்குக் காத்திருக்கும்போது முகம் எப்படி இருக்குமோ அப்படி. சட்டகத்தில் தலைக்கு மேலும் தோளுக்குப் பக்கத்திலும் தாராளமாக இடம் விட்டு எடுங்கள். பிறகு வெட்டலாம், இல்லாத இடத்தைச் சேர்க்க முடியாது. இருபது முப்பது படம் எடுத்து, பெரிதாக்கிப் பார்த்து, கண் கூர்மையாக விழுந்ததைத் தேர்ந்தெடுங்கள்.

கைக்குழந்தை

குழந்தையைப் பிடித்துக்கொண்டு எடுப்பது நடக்காது, உங்கள் கை தெரிந்தாலே படம் செல்லாது. தரையில் வெள்ளைத் துணியை விரித்து மல்லாக்கப் படுக்கவைத்து மேலிருந்து எடுங்கள், ஜன்னல் பக்கமாகத் தலையோ காலோ இருக்கட்டும், உங்கள் நிழல் விழுகிறதா என்று பாருங்கள். காரில் வைக்கும் குழந்தை இருக்கையின் மேல் வெள்ளைத் துணியைப் போர்த்தி உட்காரவைத்தும் எடுக்கலாம். சூப்பான், பொம்மை எதுவும் தெரியக் கூடாது. கன்னத்துத் திருஷ்டிப் பொட்டையும் கண் மையையும் துடைத்துவிட்டு எடுங்கள் (பாட்டி கோபப்பட்டால் எடுத்து முடித்த கையோடு வைத்துவிடலாம்), பெரிய கறுப்புப் புள்ளி முகத்தில் நிரந்தரமாக இருக்கும் மச்சம் போலப் பதிந்துவிடும். பால் குடித்துத் தூங்கி எழுந்த அரை மணி நேரம்தான் நல்ல நேரம்.

வெட்டுவது, அளப்பது

அசல் கோப்பைத் தொடாதீர்கள், ஒரு நகல் எடுத்து அதில் வேலை செய்யுங்கள். விண்டோஸ் கம்ப்யூட்டரில் இருக்கும் பெயின்ட் போதும், கட்டணச் செயலி எதுவும் தேவையில்லை. முதலில் சதுரமாக வெட்டுங்கள், தலை முழுவதும் தோளின் மேற்பகுதியும் வரும்படி. அப்புறம் 600க்கு 600 பிக்சலாக மாற்றுங்கள். இப்போது கர்சரைப் படத்தின் மேல் நகர்த்தினால் கீழே அது நிற்கும் இடத்தின் எண்கள் தெரியும், இரண்டாவது எண் மேல்விளிம்பிலிருந்து எத்தனை பிக்சல் என்று காட்டும்.

நான் வைக்கச் சொல்லும் கணக்கு இது: உச்சந்தலை மேலிருந்து சுமார் 48, கண் 228, தாடையின் அடி 408. அப்படி வைத்தால் தலை 360 பிக்சல் உயரம், அதாவது 60 சதவீதம், கண் அடியிலிருந்து 62 சதவீதம், இரண்டுமே வரம்புக்கு நடுவில் நிற்கும். அப்படியே அச்சாக அமையாவிட்டால் கவலை இல்லை, தலையின் உயரம் 300க்கும் 414க்கும் இடையிலும், கண்ணின் எண் 186க்கும் 264க்கும் இடையிலும் இருந்தால் போதும். இல்லையென்றால் அசலிலிருந்து புது நகல் எடுத்து வேறு அளவில் வெட்டுங்கள், படத்தை ஒரு பக்கமாக இழுத்து அளவுக்குக் கொண்டுவராதீர்கள்.

ஜேபெக்காகச் சேமித்தால் 600க்கு 600 படம் பெரும்பாலும் 240 கிலோபைட்டுக்குள் தானே அடங்கிவிடும். படத்தைச் சுருக்கித் தருகிறோம் என்று சொல்லும் முகம் தெரியாத இணையதளங்களில் உங்கள் முகத்தையும் பிள்ளைகள் முகத்தையும் ஏற்றாதீர்கள். பின்னணியைத் தானே வெள்ளையாக்கும், முகத்தைத் தானே சரிசெய்யும் ஏஐ செயலிகள் இப்போது நிறைய வந்திருக்கின்றன, அவையும் வேண்டாம். வெட்டலாம், அளவு மாற்றலாம், அத்தோடு நிறுத்திக்கொள்ளுங்கள்.

கையில் அச்சுப் படம் மட்டும்தான் இருக்கிறது என்றால் ஸ்கேனரில் 300 டிபிஐயில் (அங்குலத்துக்கு 300 புள்ளி) வைத்து எடுங்கள், 2 அங்குலம் சரியாக 600 பிக்சலாகும். அச்சுப் படத்தைப் போனில் படம்பிடித்து ஏற்றாதீர்கள், பளபளப்பும் கோணலும் வரும்.

ஏற்றுவதும் அச்சடிப்பதும்

டிஎஸ்-160 படத்தை ஏற்காமல் போனால் விண்ணப்பமே நின்றுவிடாது. படம் இல்லாமலும் படிவத்தை முடிக்கலாம், உறுதிப் பக்கத்தில் படம் இருக்க வேண்டிய கட்டத்தில் பெருக்கல் குறி வரும், அப்போது அச்சிட்ட படத்தைக் கையோடு கொண்டுபோக வேண்டும். இந்தியாவில் விரல் ரேகை கொடுக்கும் மையத்தில் எப்படியும் ஒரு படம் எடுக்கிறார்கள் என்பதால் படிவத்துப் படம் எப்படி இருந்தால் என்ன என்று சிலர் விட்டுவிடுகிறார்கள். அது தவறு, படிவத்தோடு உள்ளே போவது நீங்கள் ஏற்றிய படம்தான். குடியேற்ற விசாவுக்கான டிஎஸ்-260 வேறு மாதிரி, அதற்கு நேர்காணலுக்கு இரண்டு அச்சுப் படங்கள் கொண்டுபோக வேண்டும்.

4க்கு 6 அங்குலப் போட்டோ காகிதத்தில் இந்த அளவுப் படம் ஆறு அடங்கும், ஆனால் இடைவெளியே இருக்காது, விளிம்பு வெட்டுப்படும். நடுவில் இரண்டு மட்டும் போட்டு அச்சடிக்கச் சொல்லுங்கள், "ஃபிட் டு பேஜ்" வைக்க வேண்டாம் என்றும் சொல்லுங்கள். கடையை விட்டுக் கிளம்பும் முன் ஸ்கேலை வைத்து அளந்து பாருங்கள்.

வேறு நாடு என்றால்

ஐரோப்பிய நாடுகள் பலவற்றுக்கும் பொதுவான ஷெங்கன் விசாவுக்கு நம் ஊர் 35க்கு 45 சரிதான், ஆனால் முகம் படத்தில் 70 முதல் 80 சதவீதம் நிறைய வேண்டும், சாதாரண ஸ்டூடியோப் படத்தில் முகம் அதைவிடச் சிறிதாக இருக்கும். கனடாவில் நிரந்தர வதிவிட அட்டைக்கு 50க்கு 70 மில்லிமீட்டர், தாடையிலிருந்து உச்சந்தலை வரை 31 முதல் 36. இங்கே முடியைச் சேர்க்காமல் மண்டையின் உச்சியைத்தான் பார்க்கிறார்கள். இதை ஸ்டூடியோவில்தான் எடுக்க வேண்டும், பின்பக்கத்தில் ஸ்டூடியோவின் பெயரும் முகவரியும் எடுத்த தேதியும் இருக்க வேண்டும், மறக்காமல் கேட்டு வாங்குங்கள். கனடாவில் கண்ணாடி போட்டுக்கொள்ளலாம், கண் தெளிவாகத் தெரிந்து கண்ணாடியில் ஒளி அடிக்காமல் இருந்தால். பிரிட்டன் விசாவுக்கு மையத்துக்குப் போய் விரல் ரேகை கொடுக்கிறவர்களுக்கு முகத்தையும் அங்கேயே படமெடுத்துக்கொள்கிறார்கள்.

நேர்காணல் நாளுக்கு முன் அச்சுப் படங்களை ஒரு சிறிய காகித உறையில் போட்டுப் பாஸ்போர்ட்டோடு வையுங்கள். ஸ்டேப்பிள் அடிக்காதீர்கள், குண்டூசியும் குத்தாதீர்கள். குடும்பமாகப் போகிறவர்கள் ஒவ்வொரு படத்தின் பின்னாலும் பென்சிலால் மெல்லப் பெயர் எழுதிக்கொள்ளுங்கள், இரட்டைக் குழந்தைகள் இருந்தால் கட்டாயம் எழுதுங்கள். நேர்காணல் தேதி தள்ளிப்போய் எடுத்த நாளிலிருந்து 6 மாதம் கடந்துவிட்டால் அந்த உறையை ஒதுக்கிவைத்துவிட்டு மறுபடி ஜன்னல் முன்னால் உட்காருங்கள்.